‘வேரா’வும் பிரிட்டிஷ் கொலை விசாரணையும்: தொடரைப் பார்ப்பவர்களுக்கு ஒரு விளக்கம்

பிரிட்டனின் ஐடிவி சேனலில் 2011 மே மாதம் தொடங்கிய ‘வேரா’ என்ற துப்பறியும் தொடர் 2025 ஜனவரியில் முடிந்தது. மொத்தம் 14 சீசன்கள். ஒவ்வொரு எபிசோடும் ஏறக்குறைய ஒன்றரை மணி நேரம் ஓடும் ஒரு முழுக் கதை. இங்கிலாந்தின் வடகிழக்கு மூலையில் ஒரு பிணம் கிடைக்கும். பழைய மழைக்கோட்டும் தொப்பியும் அணிந்த வயதான பெண் அதிகாரி ஒருவர் பழைய லேண்ட் ரோவரில் வந்து இறங்குவார். கதை ஓடத் தொடங்கிவிடும்.

கதை எளிதில் புரியும். போலீஸ் நடைமுறையும் சட்டமும்தான் பலரைத் தடுமாற வைக்கின்றன. பொதுவாக எழும் கேள்விகள் இவை:

1. சீஃப் இன்ஸ்பெக்டர் பதவியில் இருக்கும் ஒருவர் ஏன் சேற்றில் நடந்து, வீடு வீடாகக் கதவைத் தட்டுகிறார்?
2. கைதானவர் ஏன் “நோ கமென்ட்” என்று மட்டும் திரும்பத் திரும்பச் சொல்கிறார்? போலீஸ் ஏன் அதைக் கேட்டுக்கொண்டு சும்மா உட்கார்ந்திருக்கிறது?
3. இவர்தான் குற்றவாளி என்று தெரிந்த பிறகும் “நேரம் போதாது” என்று எல்லோரும் ஏன் பதறுகிறார்கள்?
4. ஒப்புதல் வாக்குமூலத்தோடு கதை முடிகிறதே, நீதிமன்றம் எங்கே போனது?

வேரா ஸ்டான்ஹோப்பை வழக்கத்துக்கு மாறான துப்பறிவாளர் என்று எல்லோரும் சொல்கிறார்கள். உடை, பேச்சு, வாழ்க்கை ஆகிய மூன்றிலும் அது உண்மை. ஆனால் விசாரணை அறைக்குள் நுழைந்துவிட்டால் அவர் சட்டம் போட்ட கோட்டைத் தாண்டுவதில்லை. அந்தக் கோடு எவ்வளவு நெருக்கமாகப் போடப்பட்டிருக்கிறது என்று தெரிந்தால்தான் அவருடைய திறமையின் அளவு புரியும். அதனால் முதலில் கோட்டைப் பார்ப்போம், அப்புறம் வேராவுக்கு வருவோம்.

கதாபாத்திரமும் ஊரும்

வேராவை உருவாக்கியவர் ஆன் க்ளீவ்ஸ் என்ற நாவலாசிரியர். 1999இல் வந்த ‘தி க்ரோ ட்ராப்’ நாவலில்தான் வேரா முதலில் தோன்றினார். அதிலும் கதை நன்றாக நகர்ந்த பிறகு, ஒரு சாவு வீட்டுச் சடங்குக்குத் தாமதமாக வந்து நுழைகிறார். தெருவில் பைகளோடு திரியும் ஒரு கிழவி வழி தவறி வந்துவிட்டாள் என்று நினைக்கத் தோன்றும். போலீஸ் என்று யாருக்கும் தோன்றாது. பிற்பாடு தொலைக்காட்சியில் பிரெண்டா ப்ளெத்தின் நடித்தபோதும் இந்த முதல் தோற்றத்தின் சாயல் போகவில்லை.

கதை நடக்கும் இடம் நார்தம்பர்லாந்தும் நியூகாசில் நகரமும். தொடரில் வரும் ‘நார்தம்பர்லாந்து அண்ட் சிட்டி போலீஸ்’ கற்பனை அமைப்பு. நிஜத்தில் அந்தப் பகுதியைக் கவனிப்பது 1974இல் உருவான நார்தம்பிரியா போலீஸ். ஸ்காட்லாந்து எல்லையை ஒட்டிய நார்தம்பர்லாந்தில் ஜனநெருக்கம் மிகக் குறைவு. ஒரு பக்கம் கடல், மறுபக்கம் மேய்ச்சல் மலைகள், நடுவே மூடிப்போன நிலக்கரிச் சுரங்க ஊர்கள். அந்த மாவட்டத்தின் கடைசி ஆழ்சுரங்கமான எலிங்டன் 2005இல் மூடப்பட்டது. அருகில் ஹோலி ஐலண்ட் என்ற தீவு. நாளுக்கு இரண்டு முறை கடல் ஏறி, தீவுக்குப் போகும் சாலையை மூழ்கடித்துவிடும். யார் எப்போது வந்தார், எப்போது போனார் என்பதைக் கடலேற்ற அட்டவணையை வைத்தே கணக்குப் போடக்கூடிய ஊர் என்றால் துப்பறியும் கதைக்கு வேறென்ன வேண்டும்?

பதவிகள்: யாருக்கு மேலே யார்?

இங்கிலாந்திலும் வேல்ஸிலும் வட்டார வாரியாக 43 போலீஸ் அமைப்புகள் இருக்கின்றன. ஒவ்வொன்றும் தனி நிர்வாகம். கீழிருந்து மேலே வரிசை இப்படிப் போகும்:

1. கான்ஸ்டபிள்
2. சார்ஜென்ட்
3. இன்ஸ்பெக்டர்
4. சீஃப் இன்ஸ்பெக்டர் (வேராவின் பதவி)
5. சூப்பரின்டென்டென்ட்
6. சீஃப் சூப்பரின்டென்டென்ட்

இதற்கு மேலே உதவித் தலைவர், துணைத் தலைவர், பிறகு அந்த வட்டாரம் முழுவதற்கும் தலைவரான சீஃப் கான்ஸ்டபிள். லண்டனில் மட்டும் தலைவருக்கு கமிஷனர் என்று பெயர்.

பதவிக்கு முன்னால் வரும் ‘டிடெக்டிவ்’ என்ற சொல் புலனாய்வுப் பிரிவில் பயிற்சி பெற்றவர் என்பதை மட்டுமே காட்டுகிறது. டிடெக்டிவ் கான்ஸ்டபிளும் தெருவில் சீருடையில் நிற்கும் கான்ஸ்டபிளும் ஒரே நிலைதான். டிடெக்டிவ் என்றாலே மேலதிகாரி என்று நினைத்துப் பார்த்தால் பல காட்சிகள் விளங்காது.

இலங்கைப் போலீஸில் சீஃப் இன்ஸ்பெக்டர் பதவி உண்டு என்பதால் ஈழ வாசகர்களுக்கு இது புதிதாக இருக்காது. தமிழ்நாட்டு வாசகர்கள் இன்ஸ்பெக்டருக்கும் டி.எஸ்.பி.க்கும் இடைப்பட்ட நிலை என்று வைத்துக்கொள்ளலாம். ஆனால் ஒரு பெரிய வேறுபாடு இருக்கிறது. இந்தியாவில் ஐ.பி.எஸ். தேர்வு எழுதி நேராக மேல்நிலையில் நுழையலாம். பிரிட்டனில் பெரும்பாலும் எல்லோரும் கான்ஸ்டபிளாகத் தொடங்கித்தான் மேலே வருகிறார்கள். வேராவும் அப்படி வந்தவர்தான். அவர் கதவைத் தட்டுவதும், ஆடு மேய்ப்பவரோடு வேலியில் சாய்ந்து பேசுவதும் பழைய தொழில் பழக்கம்.

கொலை விசாரணைக்கு ஒரு தலைமை

கொலை நடந்தால் ஒருவர் ‘தலைமை விசாரணை அதிகாரி’யாக நியமிக்கப்படுவார். எதை முதலில் தேடுவது, யாரை எப்போது கைது செய்வது, ஊடகங்களிடம் எதைச் சொல்வது என்று எல்லாமே அவர் பொறுப்பு. எடுத்த முடிவையும் அதற்கான காரணத்தையும் அவ்வப்போது ஒரு பதிவேட்டில் எழுதிவைக்க வேண்டும். வேரா இந்தப் பொறுப்பில் இருப்பவர்.

நிஜத்தில் இந்த அதிகாரி பெரும்பாலும் அலுவலகத்தில்தான் இருப்பார். தகவல் எல்லாம் அவரிடம் வந்து குவியும். அந்தக் குவியலை ஒழுங்குபடுத்துவதுதான் வேலையின் பாதி. பிரிட்டிஷ் போலீஸ் இதை ஒரு பெரும் தோல்வியிலிருந்து கற்றுக்கொண்டது.

1975 முதல் 1980 வரை வட இங்கிலாந்தில் 13 பெண்களைக் கொன்ற பீட்டர் சட்க்ளிஃப் என்ற லாரி ஓட்டுநரை, 1981 ஜனவரியில் பிடிப்பதற்கு முன்பே போலீஸார் ஒன்பது முறை விசாரித்திருந்தார்கள். ஒன்பது முறையும் விட்டுவிட்டார்கள். தகவல்கள் எல்லாம் காகித அட்டைகளில் இருந்தன. ஓர் அட்டையில் இருந்த சந்தேகத்தை இன்னோர் அட்டையோடு ஒப்பிட்டுப் பார்க்க வழியில்லை. போதாக்குறைக்கு 1979இல் கொலைகாரன் பேசுவதாக ஒரு ஒலிநாடா வந்தது. அதில் இருந்த குரல் சண்டர்லேண்ட் பகுதி உச்சரிப்பு. அதாவது, வேரா கதைகள் நடக்கும் அதே வடகிழக்கு. விசாரணையே அந்தத் திசையில் திரும்பியது. அந்த உச்சரிப்பு இல்லாதவர்கள் மீதான சந்தேகம் தளர்ந்தது, சட்க்ளிஃப் தப்பினார். ஒலிநாடா வெறும் புரட்டு என்பது பிறகுதான் தெரிந்தது. அது வந்த பிறகும் பெண்கள் கொல்லப்பட்டார்கள்.

இந்தத் தோல்வியின் விளைவாக 1985இல் வந்ததுதான் ‘ஹோம்ஸ்’ என்ற கணினி அமைப்பு. பெரிய வழக்குகளில் ஒவ்வொரு பெயரும், வண்டி எண்ணும், வாக்குமூலமும் அதில் ஏற்றப்படும். ஒரு பெயர் இரண்டு இடங்களில் தலைகாட்டினால் தெரிந்துவிடும். தொடரில் இதன் இடத்தை வெள்ளைப் பலகையும், அதில் ஒட்டிய புகைப்படங்களும், எதையும் மறக்காத வேராவின் நினைவும் எடுத்துக்கொள்கின்றன. நாடகத்துக்கு அது பொருத்தமான மாற்றம்தான். கணினித் திரையைப் பார்த்துக்கொண்டிருக்கும் ஒருவரை ஒன்றரை மணி நேரம் யாரும் பார்க்கமாட்டார்கள்.

கைதுக்குப் பிறகு ஓடும் கடிகாரம்

மூன்றாவது கேள்விக்கு விடை இங்கே இருக்கிறது. இந்தத் தொடரின் பதற்றத்தில் பாதி ஒரு சட்டத்திலிருந்து வருகிறது: 1984இல் இயற்றப்பட்ட போலீஸ் மற்றும் குற்றச் சாட்சியச் சட்டம். பேச்சுவழக்கில் சுருக்கி ‘பேஸ்’ என்பார்கள்.

அது பிறந்த கதையைச் சொல்லியே ஆக வேண்டும். 1972இல் லண்டனில் மேக்ஸ்வெல் கான்ஃபெய்ட் என்பவர் கொல்லப்பட்டார். மூன்று இளம் பையன்கள் பிடிபட்டார்கள். வழக்கறிஞரோ பெற்றோரோ பக்கத்தில் இல்லாமல் விசாரித்தார்கள், பையன்கள் ஒப்புக்கொண்டார்கள், தண்டனையும் கிடைத்தது. 1975இல் மேல்முறையீட்டில் அந்தத் தண்டனைகள் ரத்தாயின. செய்யாத குற்றத்தை ஒருவன் ஏன் ஒப்புக்கொள்கிறான் என்ற கேள்வியை அந்த நாடு அப்போது நேருக்கு நேர் பார்க்க வேண்டியிருந்தது. விசாரணைக் குழு, அதன் பிறகு அரச ஆணையம், அதன் பிறகு இந்தச் சட்டம்.

சட்டம் வைத்த கட்டுப்பாடுகளில், தொடரைப் புரிந்துகொள்ளத் தேவையானவை:

1. கைதானவரைக் காவலில் கவனிக்கும் அதிகாரி தனி ஆள். கைதானவரை நிலையத்துக்குக் கொண்டுவந்ததும் ஒரு சார்ஜென்ட் அவரைப் பொறுப்பேற்கிறார். இந்த சார்ஜென்டுக்கு விசாரணையில் எந்தப் பங்கும் இருக்கக் கூடாது. உள்ளே இருப்பவரின் சாப்பாடு, ஓய்வு, மருத்துவர், வழக்கறிஞர் எல்லாம் அவர் கவனத்தில். வேரா பதவியில் பெரியவர் என்றாலும் இந்த சார்ஜென்ட் “இவருக்கு ஓய்வு நேரம்” என்று சொன்னால் காத்திருக்கத்தான் வேண்டும்.

2. 24 மணி நேரம். பொதுவாக, நிலையத்துக்கு வந்து சேர்ந்த நேரத்திலிருந்து எண்ணத் தொடங்குவார்கள். அதற்குள் குற்றம் சாட்ட வேண்டும், இல்லையென்றால் விட வேண்டும்.

3. 36 மணி நேரம். கொலை போன்ற கடுமையான குற்றமென்றால் சூப்பரின்டென்டென்ட் நிலையில் உள்ள ஒருவர் நேரத்தை நீட்டிக்கலாம். வேரா சீஃப் இன்ஸ்பெக்டர்தான் என்பதால் தானே நீட்டித்துக்கொள்ள அதிகாரமில்லை. மேலிடத்துக்குப் போய் நிற்க வேண்டும்.

4. 96 மணி நேரம். 36க்கு மேல் வேண்டுமென்றால் மாஜிஸ்திரேட்டிடம் காரணம் காட்டி உத்தரவு வாங்க வேண்டும். எல்லாம் சேர்த்து 96 மணி நேரம்தான் உச்சவரம்பு.

5. ஓய்வு. எந்த 24 மணி நேரத்திலும் தொடர்ச்சியாக 8 மணி நேரம் ஓய்வு கொடுக்க வேண்டும், பொதுவாக இரவில். ஆக, 24 மணி நேரம் என்பது கேள்வி கேட்கக் கிடைக்கும் 24 மணி நேரமல்ல. வழக்கறிஞர் வந்து சேர ஆகும் நேரமும் அதிலிருந்தே கழியும்.

6. இலவச வழக்கறிஞர், ஒலிப்பதிவு. வழக்கறிஞர் வேண்டுமென்று கேட்டால் அரசுச் செலவில் கிடைப்பார். பேசுவதெல்லாம் பதிவாகும். 18 வயதுக்குக் கீழ் உள்ளவர்களோடும், மனநிலை காரணமாக உதவி தேவைப்படுகிறவர்களோடும் பொறுப்பான பெரியவர் ஒருவர் உட்கார வேண்டும்.

இந்த ஆறையும் மனதில் வைத்துக்கொண்டு ஒரு எபிசோடைப் பார்த்தால், வேரா ஏன் சந்தேகம் வந்த உடனே கைது செய்வதில்லை என்பது விளங்கும். கைது செய்தால் கடிகாரம் ஓடத் தொடங்கிவிடும். அதனால்தான் முக்கால்வாசிக் கதையில் அவர் யாரையும் கைது செய்யாமல், சமையலறைகளில் உட்கார்ந்து தேநீர் குடித்தபடி பேச்சுக் கொடுக்கிறார். சரி, அவசரப்பட்டுக் கைது செய்து ஆதாரம் போதாமல் போனால்? ஜாமீனில் விடலாம், அல்லது விசாரணை நிலுவையில் இருக்க, நிபந்தனை இல்லாமல் வெளியே அனுப்பலாம். தொடரின் நடுப்பகுதியில் கைதாகும் ஆள் கொஞ்ச நேரத்தில் வீட்டுக்குப் போய்விடுவது இப்படித்தான்.

“நோ கமென்ட்” என்றால் என்ன நடக்கும்?

கைது செய்யும்போது அதிகாரி மூன்று வாக்கியங்கள் சொல்கிறார். தமிழில் இப்படி வரும்: நீங்கள் எதுவும் சொல்ல வேண்டிய கட்டாயமில்லை. ஆனால் பிறகு நீதிமன்றத்தில் நீங்கள் சார்ந்து பேசப்போகும் ஒன்றை இப்போது கேட்கும்போது சொல்லாமல் விட்டால், அது உங்கள் தரப்புக்குப் பாதகமாகலாம். நீங்கள் சொல்லும் எதையும் சாட்சியமாக முன்வைக்க முடியும்.

நடுவில் இருக்கும் வாக்கியம்தான் முக்கியம். அமெரிக்கப் படங்களில் கேட்டுப் பழகிய “மௌனமாக இருக்க உங்களுக்கு உரிமை உண்டு” என்பதில் இந்த நிபந்தனை கிடையாது. இங்கிலாந்தில் 1994ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று இதைச் சேர்த்தது. இன்றைக்கு வாயைத் திறக்காமல் இருந்துவிட்டு, ஆறு மாதம் கழித்து “அன்றிரவு நான் அக்கா வீட்டில் இருந்தேன்” என்று ஜூரி (தீர்ப்புச் சொல்லும் பொதுமக்கள் குழு) முன்னால் சொன்னால், “இதை ஏன் அன்றைக்கே சொல்லவில்லை?” என்று ஜூரி யோசிக்கலாம். ஆனால் மௌனத்தை மட்டும் வைத்துத் தண்டிக்க முடியாது. வேறு ஆதாரம் இருந்தே ஆக வேண்டும்.

ஆக “நோ கமென்ட்” என்பது ஒரு கணக்கு. போலீஸ் கையில் என்ன இருக்கிறது என்று தெரியாதபோது பேசாமல் இருப்பதே மேல் என்று வழக்கறிஞர் ஆலோசனை சொல்லலாம். அதைக் கேட்டுக்கொண்டு போலீஸ் சும்மா இருப்பதாகத் தோன்றுவதும் சரியல்ல. ஒவ்வொரு கேள்வியாகக் கேட்டுப் பதிவு செய்கிறார்கள். பின்னால் சொல்லப்போகும் கதையை இன்றைக்குச் சொல்ல வாய்ப்புக் கொடுத்தோம் என்பதற்கு அந்தப் பதிவே சான்று.

அந்தச் சிறிய அறையில் வேரா செய்வது

தன் குழுவினரிடம் வேரா சிடுசிடுப்பார், கத்துவார். சார்ஜென்ட் ஜோ ஆஷ்வொர்த்தாகட்டும், ஐந்தாவது சீசனிலிருந்து அவர் இடத்துக்கு வந்த ஏய்டன் ஹீலியாகட்டும், நிறைய வாங்கிக் கட்டிக்கொண்டிருக்கிறார்கள். ஆனால் விசாரணை அறையில் அவர் குரல் இறங்கிவிடும். எதிரில் இருப்பவரின் வாழ்க்கையைப் பற்றிப் பேசுவார், காத்திருப்பார். அது வேராவின் குணம் மட்டுமல்ல, அந்த நாட்டுப் போலீஸ் வலியோடு கற்ற பாடமும்கூட.

1988இல் கார்டிஃப் நகரில் நடந்த ஒரு கொலைக்காக மூன்று பேர் தண்டிக்கப்பட்டார்கள். 1992இல் மேல்முறையீட்டு நீதிபதிகள் அவர்களில் ஒருவருடைய விசாரணை ஒலிநாடாவைக் கேட்டார்கள். 300 தடவைக்கு மேல் “நான் செய்யவில்லை” என்று சொன்ன அந்த மனிதரைக் கத்தியும் மிரட்டியும் கடைசியில் வழிக்குக் கொண்டுவந்திருந்தார்கள். தண்டனைகள் ரத்தாயின. உண்மைக் கொலையாளி பிற்பாடு டி.என்.ஏ. மூலம் பிடிபட்டான். ஒலிப்பதிவு என்ற விதி இல்லாதிருந்தால் அந்த 300 மறுப்புகளும் யார் காதிலும் விழுந்திருக்காது.

இப்படிப்பட்ட வழக்குகளுக்குப் பிறகு 1990களின் தொடக்கத்தில் ‘பீஸ்’ என்ற விசாரணை முறை வந்தது. தயாராகு, உறவை ஏற்படுத்தி எதற்காகப் பேசுகிறோம் என்று விளக்கு, அவர் கதையை முழுதாகச் சொல்லவிடு, முடித்துவை, பிறகு மதிப்பிடு. நோக்கம் தகவலைப் பெறுவது. ஒப்புக்கொள்ள வைப்பது குறிக்கோளாக இருக்கக் கூடாது. பொய்யான ஆதாரம் இருப்பதாகச் சொல்லி மிரட்டுவதற்கும் இடமில்லை. மிரட்டிப் பெற்ற வாக்குமூலத்தை நீதிமன்றம் தள்ளிவிட வேண்டும் என்று 1984 சட்டமே சொல்கிறது.

வேராவின் பெரும் காட்சிகளை இந்த வெளிச்சத்தில் திரும்பப் பாருங்கள். ஒன்றுக்கொன்று முரணான இரண்டு சிறு விவரங்களை மேசைமேல் வைத்துவிட்டு அமைதியாக இருப்பார். அந்த அமைதியில் எதிரில் இருப்பவர் உடைவார். தமிழ்ப் படங்களில் ‘ஸ்டேஷனில் கவனித்தால் உண்மை வரும்’ என்று பார்த்து வளர்ந்த நமக்கு இது மிகவும் தேவையான காட்சி என்று நான் நினைக்கிறேன். அடியில் வருவது உண்மைதானா என்று சொல்ல யாராலும் முடியாது. கான்ஃபெய்ட் வழக்கும் கார்டிஃப் வழக்கும் காட்டியது அதைத்தான்.

இதோடு சேர்ந்ததுதான் நான்காவது கேள்வி. இந்தியாவில் போலீஸ் அதிகாரியிடம் கொடுக்கும் ஒப்புதல் வாக்குமூலத்தைக் குற்றம் சாட்டப்பட்டவருக்கு எதிராக நிரூபிக்க முடியாது. 1872ஆம் ஆண்டு சாட்சியச் சட்டத்தின் 25ஆவது பிரிவாக இருந்த இந்த விதி, புதிய பாரதிய சாக்ஷ்ய சட்டத்திலும் தொடர்கிறது. இலங்கையின் சாட்சியக் கட்டளைச் சட்டத்திலும் இதே விதிதான். அங்கே 1979ஆம் ஆண்டுப் பயங்கரவாதத் தடைச் சட்டம் உதவி சூப்பரின்டென்டென்டும் அதற்கு மேலுள்ளவர்களும் பெறும் வாக்குமூலத்துக்கு விலக்குக் கொடுத்தது. அந்த விலக்கினால் தமிழர்கள் பட்ட பாடு நமக்குத் தெரியும். இங்கிலாந்திலோ, வழக்கறிஞர் பக்கத்தில் இருக்க, பதிவுக் கருவி ஓட, எச்சரிக்கை சொன்ன பிறகு போலீஸிடம் கொடுத்த வாக்குமூலம் ஜூரி முன்னால் செல்லும். அதனால் வேராவிடம் ஒப்புக்கொண்டதும் கதை முடிவது அந்த ஊர்ச் சட்டப்படி பொருந்துகிறது. நம் ஊரில் அதே காட்சி வழக்கின் தொடக்கம்கூட ஆகாது.

குற்றம் சாட்டுவது போலீஸ் இல்லை

1986 முதல் இங்கிலாந்திலும் வேல்ஸிலும் வழக்குத் தொடுக்கும் வேலை போலீஸிடமிருந்து பிரிக்கப்பட்டு அரசு வழக்கு நடத்தும் துறையிடம் போய்விட்டது. கொலை போன்ற வழக்குகளில் குற்றம் சாட்டலாமா என்பதை முடிவு செய்வதும் அந்தத் துறையின் வழக்கறிஞர்கள்தான். அவர்கள் கேட்பது இரண்டே கேள்விகள்: தண்டனை கிடைக்க நியாயமான வாய்ப்பு இருக்கிறதா? வழக்கு நடத்துவது பொதுநலனுக்கு உகந்ததா? முதல் கேள்விக்கு இல்லை என்று பதில் வந்தால், வேராவின் உள்ளுணர்வு எவ்வளவு உறுதியாக இருந்தாலும் பயனில்லை. எபிசோடின் 70ஆவது நிமிடத்தில் “நம்மிடம் இருப்பது போதாது” என்று அவர் முகம் சுருங்குவது இந்த வழக்கறிஞரை நினைத்துத்தான்.

அப்படியானால் எதில் அவர் வழக்கத்துக்கு மாறானவர்?

1970களின் நடுப்பகுதி வரை பிரிட்டனில் பெண் போலீஸார் தனிப் பிரிவாகவே இருந்தார்கள். பெண்கள், குழந்தைகள் சம்பந்தப்பட்ட வேலைகளே அவர்களுக்கு வந்தன. 1975இல் பாலினப் பாகுபாட்டுத் தடைச் சட்டம் வந்தது. தொலைக்காட்சி 1980இல் இரண்டு தொடர்களோடு பின்தொடர்ந்தது: ஐடிவியின் ‘தி ஜென்டில் டச்’, பிபிசியின் ‘ஜூலியட் பிராவோ’. இரண்டிலும் நாயகி பெண் இன்ஸ்பெக்டர். 1991இல் லிண்டா லா பிளான்ட் எழுதிய ‘பிரைம் சஸ்பெக்ட்’ வந்தது. ஹெலன் மிர்ரன் நடித்த ஜேன் டென்னிசனுக்கு வேராவின் அதே பதவிதான். ஒரு ஆண் அதிகாரி மாரடைப்பில் இறந்ததால் அந்த வழக்கு அவர் கைக்கு வருகிறது. குழு முழுவதும் அவரை வெளியே தள்ளப் பார்க்கிறது. கொலைகாரனோடும் சக அதிகாரிகளோடும் அவர் ஒரே நேரத்தில் போராட வேண்டியிருந்தது.

20 ஆண்டு கழித்து வந்த வேராவுக்கு அந்தப் போராட்டம் இல்லை. ஒரு பெண் ஏன் தலைமை தாங்குகிறார் என்று அவர் குழுவில் யாரும் கேட்பதில்லை. தொடர் தொடங்கிய 2011இல் உண்மையான நார்தம்பிரியா போலீஸின் தலைவராக இருந்தவரும் சூ சிம் என்ற பெண்தான். பெண்ணாக இருப்பது வியப்பாக இல்லாமல் போன பிறகு, எந்த மாதிரிப் பெண் என்ற அடுத்த கேள்வியை வேரா எழுப்புகிறார்.

கசங்கிய உடை, ஓட்டை வண்டி, குடும்பமில்லாத வாழ்க்கை, கொஞ்சம் அதிகமான குடி. ஆண் துப்பறிவாளர்களுக்கு இதையெல்லாம் எழுத்தாளர்கள் பல பத்தாண்டுகளாகக் கொடுத்துவந்திருக்கிறார்கள். அமெரிக்கத் தொலைக்காட்சியின் கொலம்போவுக்கு அழுக்கு மழைக்கோட்டு அடையாளமாகவே ஆனது. அதே கோட்டை ஒரு பெண் போட்டால் மட்டும் அது விசித்திரமாகிறது. பிரெண்டா ப்ளெத்தின் இந்த வேடத்தைத் தொடங்கியபோது அவருக்கு வயது 65, முடித்தபோது 78. நிஜத்தில் சீஃப் இன்ஸ்பெக்டருக்கு ஓய்வு வயது 60, நீட்டிப்பு கேட்டு வாங்கலாம். கணக்குப் பார்த்தால் பொருந்தாதுதான். ஆனால் எழுபதைத் தாண்டிய ஒரு நடிகை, காதல் கதையோ பாட்டி வேடமோ இல்லாமல், அறிவை மட்டும் வைத்து ஒரு முன்னணித் தொடரை 14 ஆண்டுகள் தாங்கியிருக்கிறார். அதன் மதிப்பு இந்தக் கணக்குப் பிழையைவிட மிகப் பெரியது.

தோற்றம் அவருக்கு வேலையிலும் உதவுகிறது. அவரைப் பார்த்து யாரும் பயப்படுவதில்லை. பயப்படாதவர்கள் அதிகம் பேசுகிறார்கள். பேசுகிறவர்கள் தவறு செய்கிறார்கள். மேலே சொன்ன சட்டக் கட்டுப்பாடுகளுக்குள் இதைவிடப் பொருத்தமான கருவி இருக்க முடியாது.

இன்னொன்று அப்பா ஹெக்டர். வேட்டைப் பறவைகளின் முட்டைகளைக் கூட்டிலிருந்து திருடுகிறவர். பிரிட்டனில் அது குற்றம். அம்மா சின்ன வயதிலேயே இறந்துவிட, வேரா இந்த மனிதரோடு மலைகளில் அலைந்து வளர்ந்தார். குற்றவாளி ஒருவரின் மகள் போலீஸ் ஆனார் என்பது வெறும் பின்னணித் தகவலாக நின்றுவிடவில்லை. கொலைகாரரின் வீட்டில் இருக்கும் குழந்தை என்ன உணரும், எதை மறைக்கும் என்பது அவருக்குச் சொந்த அனுபவத்திலிருந்து தெரியும். நல்ல எபிசோடுகள் பெரும்பாலும் இந்த இடத்தைத் தொடுகின்றன. குடும்பங்கள் காக்கும் ரகசியம்தான் இந்தத் தொடரின் நிரந்தரக் கரு.

தொடர் சொல்லாமல் விடுபவை

1. இந்த நிலையில் உள்ள அதிகாரி சந்தேக நபரைத் தானே விசாரிப்பது அபூர்வம். அதற்கென்று பயிற்சி பெற்ற கான்ஸ்டபிள்களும் சார்ஜென்ட்களும் இருக்கிறார்கள்.

2. இறந்தவரின் குடும்பத்தோடு தொடர்பில் இருக்கத் தனி அதிகாரி ஒருவர் அமர்த்தப்படுவார். ஸ்டீபன் லாரன்ஸ் என்ற கறுப்பின இளைஞரின் 1993 கொலை விசாரணையில் போலீஸ் செய்த தவறுகளை ஆராய்ந்த 1999 அறிக்கைக்குப் பிறகு இந்தப் பொறுப்பு பெரிதும் வலுப்பெற்றது. தொடரில் இந்த வேலையையும் வேராவே பார்த்துவிடுகிறார்.

3. தடயவியல் முடிவு மறுநாள் காலையில் வந்துவிடாது. அரசின் தடயவியல் நிறுவனம் 2012இல் மூடப்பட்டது. அதன் பிறகு பெரும்பாலான வேலை தனியார் ஆய்வகங்களுக்குப் போனது.

4. வழக்கறிஞர் தொடரில் ஊமையாக உட்கார்ந்திருக்கிறார். நிஜத்தில் விசாரணைக்கு முன்பே போலீஸ் என்ன வைத்திருக்கிறது என்று கேட்பார். முறைதவறிய கேள்விக்கு உடனே ஆட்சேபம் தெரிவிப்பார்.

5. 1996ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்றின்படி, வழக்குக்குச் சம்பந்தமுள்ள எல்லாத் தகவலையும் போலீஸ் பதிவு செய்து வைத்திருக்க வேண்டும். அரசுத் தரப்பைப் பலவீனமாக்கக்கூடியதையும் எதிர்த்தரப்புக்கு உதவக்கூடியதையும் எதிர்த்தரப்பிடம் காட்ட வேண்டும். வேரா இரவில் தனியாகப் போய் ஒரு சாட்சியோடு வேலியோரம் பேசிவிட்டு வருகிறாரே, அந்தப் பேச்சைக் குறிப்பேட்டில் எழுதாமல் விட்டிருந்தால், ஜூரி முன்னால் எதிர்த்தரப்பு வழக்கறிஞர் பிடித்துக்கொள்ளும் முதல் இடம் அதுவாகத்தான் இருக்கும்.